ஒரு கையெழுத்து

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருப்பவர்கள் ஆறுதலாக வாசியுங்கள்.

போன கிழமை எங்கள் பாடசாலையில் ஒரு பிள்ளை பேச்சுப் போட்டிக்காக ஆபிரகாம் லிங்கனைப் பற்றி எழுதிக்கொண்டு வந்தது. மரக்குடிசையில் பிறந்தார், அடிமைகளை விடுவித்தார், நாடகம் பார்க்கப் போன இடத்தில் சுடப்பட்டார். நல்லாத்தான் எழுதியிருந்தது. வகுப்பில் வாசிக்கச் சொன்னேன். முடிந்ததும் கடைசி வாங்கில் இருந்த பெடியன் ஒருவன் எழும்பினான்.

"சேர், அவங்கட ஜனாதிபதிக்கா எங்கட ஜனாதிபதிக்கா பவர் கூட?"

வகுப்பே சிரித்தது. ஆனால் கேள்வி சரியான கேள்வி. அன்றைக்குப் பாடவேளை முடிந்துவிட்டது, அரைகுறையாகத்தான் பதில் சொன்னேன். மிச்சத்தை இங்கே எழுதுகிறேன்.

உலகத்துக்கு முன்னால் அவர்தான் பெரியவர். கப்பல், குண்டு, டொலர் எல்லாம் அவரிடம். ஆனால் சொந்த நாட்டுக்குள், சொந்த மக்களின் மேல் என்று பார்த்தால் கதை வேறு. அமெரிக்க ஜனாதிபதியால் காங்கிரஸைக் கலைக்க முடியாது. உயர் நீதிமன்றத்துக்கு நீதிபதியை நியமிக்க செனட் சம்மதிக்க வேண்டும். எங்கள் ஜே.ஆர். ஜயவர்தன 1978 பெப்ரவரி 4ஆம் திகதி ஜனாதிபதி ஆனார். அந்த ஆண்டே வந்த அரசியலமைப்பில் பிரான்ஸிலிருந்து கொஞ்சம், அமெரிக்காவிலிருந்து கொஞ்சம் எடுத்து, அங்கே இருந்த கடிவாளங்களில் பலவற்றை விட்டுவிட்டுத் தைத்தார். தனது கட்சி எம்.பி.மாரிடம் திகதி போடாத இராஜினாமாக் கடிதங்களை வாங்கி வைத்துக்கொண்டார். 1982 டிசம்பர் 22இல் ஒரு சர்வசன வாக்கெடுப்பு நடத்தி, தேர்தல் இல்லாமலே பாராளுமன்றத்தை இன்னும் ஆறு வருடம் இழுத்தார். வோஷிங்டன் இரண்டு தவணை முடிந்ததும் போதும் என்று பண்ணைக்குத் திரும்பிப் போன கதையை நாங்கள் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறோம். இங்கே 2010இல் பதினெட்டாவது திருத்தம் இரண்டு தவணை என்ற எல்லையையே தூக்கிவிட்டது.

கிழக்கு மாகாணத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 1988 செப்டெம்பரில் ஒரு பிரகடனம், வடக்கும் கிழக்கும் ஒன்றானது. தற்காலிகம்தான், கிழக்கு மக்களிடம் வாக்கெடுப்பு நடத்திக் கேட்போம் என்றார்கள். பிறகு ஜனாதிபதிகள் மாறி மாறி வந்து அந்த வாக்கெடுப்பைத் தள்ளிக்கொண்டே போனார்கள். 2006 ஒக்டோபரில் உயர் நீதிமன்றம் இணைப்புச் செல்லாது என்றது, 2007 ஜனவரி 1இல் பிரிந்தது. இணைப்புச் சரியா பிழையா என்ற சண்டைக்கு நான் வரவில்லை. அதில் இந்தப் பதிவை வாசிக்கிறவர்களுக்குள்ளேயே இரண்டு கட்சி இருக்கும். நான் சொல்வது, சேர்த்தபோதும் பிரித்தபோதும் ஒருதரும் எங்களிடம் கேட்கவில்லை என்பதை மட்டும்தான்.

இனி என் மனதில் கனக்கிற விசயத்துக்கு வருகிறேன்.

2020 ஏப்ரல் 11. கொரோனாவில் இறந்தவர்களை எரித்தே ஆக வேண்டும் என்று வர்த்தமானி வந்தது. அடக்கம் செய்யலாம் என்று உலக சுகாதார நிறுவனமே சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. எங்கள் பக்கத்தில் காய்ச்சல் வந்த வயசாளிகள் ஆஸ்பத்திரிக்குப் போகப் பயந்தார்கள். மௌத்துக்கு அல்ல, நெருப்புக்குப் பயந்தார்கள். பிறந்து இருபது நாள் ஆன ஒரு பச்சைக் குழந்தையின் ஜனாஸாவைக்கூடப் பெற்றோரின் விருப்பத்துக்கு மாறாக எரித்தார்கள். பொரளை கனத்தை மயானத்தின் வேலியில் வெள்ளைத் துணி கட்டியவர்களில் எல்லா இனத்தவரும் இருந்தார்கள், அதை நான் மறக்க மாட்டேன். உயர் நீதிமன்றத்துக்குப் போன மனுக்கள் 2020 டிசம்பர் 1இல் விசாரணைக்கே எடுக்கப்படாமல் தள்ளப்பட்டன. 2021 பெப்ரவரி கடைசியில்தான் அனுமதி வந்தது. மார்ச் மாதம் தொடக்கம் நாட்டின் எல்லா மூலையிலிருந்தும் உடல்கள் எங்கள் மாவட்டத்து ஓட்டமாவடிக்கு வந்தன. மஜ்மா நகரில் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட கபுறுகள். அதில் முஸ்லிம் அல்லாதவர்களும் இருக்கிறார்கள்.

அடுத்த சில வாரங்களில் அதே ஆட்சியிலிருந்து இன்னொரு வர்த்தமானி. 2021 மே 6ஆம் திகதி இரசாயன உரம் இறக்குமதி தடை. தேர்தல் விஞ்ஞாபனத்தில் பத்து வருடத்தில் படிப்படியாக மாறுவோம் என்று இருந்தது, ஒரே போகத்தில் வெட்டப்பட்டது. நான் எழுவான்கரையிலிருந்து பட்டிருப்புப் பாலத்தைத் தாண்டித் தினமும் படுவான்கரைக்கு வருகிறவன். அந்தப் பெரும்போகத்தில் ரோட்டின் இரண்டு பக்கமும் வேளாண்மை நின்ற கோலத்தை மோட்டார் சைக்கிளிலிருந்து பார்த்துக்கொண்டு வந்தேன். பச்சை ஏற வேண்டிய நேரத்தில் மஞ்சள். நவம்பரில் தடையைத் தளர்த்தினார்கள். பயிர் வர்த்தமானி பார்த்து வளருமா? தாய்மாரின் நகை அடகுக்குப் போனதைப் பிள்ளைகள் கட்டுரைக் கொப்பியில் எழுதினார்கள்.

எழுவான்கரையில் ஜனாஸா, படுவான்கரையில் வயல். இரண்டும் ஒரே ஆட்சியின் கையெழுத்து. ஆனால் அந்த நேரம் நாங்கள் ஒருவர் வலியை மற்றவர் எவ்வளவு பார்த்தோம்? "அது அவங்கட பிரச்சினை" என்று இரண்டு கரையிலும் சொன்ன ஆட்கள் இருந்தார்கள். நானும் உரப் பிரச்சினையை முதலில் பேப்பர்ச் செய்தியாகத்தான் வாசித்தேன் என்பதை ஒத்துக்கொள்கிறேன்.

அமெரிக்காவிலும் இப்படி ஒன்று நடந்தது. 1942 பெப்ரவரி 19இல் ரூஸ்வெல்ட் ஒரு கட்டளையில் கையெழுத்திட்டார். ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 120,000 பேர் வீடு, கடை, தோட்டம் எல்லாம் விட்டு முகாம்களுக்குப் போனார்கள். பெரும்பாலானோர் அமெரிக்கப் பிரஜைகள். 1944இல் அந்த நாட்டு உயர் நீதிமன்றமும் அதைச் சரி என்றது. அதே ரூஸ்வெல்ட்தான் வேலையில்லாத காலத்தில் ஏழைகளுக்குக் கை கொடுத்தவர், நான்கு தடவை தெரிவானவர். நல்ல மனிதர் வந்தால் எல்லாம் சரியாகும் என்று சொல்கிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். 1988இல் ரீகன் கையெழுத்திட்ட சட்டம் மன்னிப்புக் கேட்டது, உயிரோடு இருந்தவர்களுக்கு ஆளுக்கு 20,000 டொலர் கொடுத்தது. நாற்பத்தாறு வருடம் பிந்தி. எங்கள் அமைச்சரவை கட்டாய எரிப்புக்கு மன்னிப்புக் கேட்க 2024 ஜூலையில் தீர்மானித்தது. காலத்தில் நாங்கள் முந்திவிட்டோம், அதுவரைக்கும் சந்தோசம்.

இப்போது எங்கள் ஆட்களுக்கு ஒரு வார்த்தை. நிறைவேற்று ஜனாதிபதி முறை சிறுபான்மைக்குப் பாதுகாப்பு, நாடு முழுக்க வாக்கு வேண்டும் என்பதால் எங்களிடம் வந்தே ஆக வேண்டும் என்று காலம் காலமாகச் சொல்கிறோம். அதில் உண்மை இல்லாமல் இல்லை. 1988இல் மர்ஹூம் அஷ்ரப் அவர்கள் பிரேமதாசவோடு பேசி, தேர்தல் வெட்டுப்புள்ளியை 12.5 வீதத்திலிருந்து 5 வீதமாகக் குறைப்பித்தார். சின்னக் கட்சிகள் இன்றைக்குப் பாராளுமன்றத்தில் இருப்பதற்கு அது பெரிய காரணம். ஆனால் 2019இல் என்ன நடந்தது? எங்கள் மாவட்டம் பெருமளவில் மற்றவருக்கு வாக்களித்தது, கோட்டாபய 52 வீதத்துக்கு மேல் எடுத்து வென்றார். எங்கள் வாக்கு இல்லாமலே வெல்லலாம் என்று ஆன பிறகு, எங்களைக் காப்பதற்கு அந்தக் கதிரையில் என்ன இருந்தது? அதைவிட வெட்கம், 2020 ஒக்டோபர் 22இல் அந்தக் கதிரைக்கு இன்னும் அதிகாரம் கொடுத்த இருபதாவது திருத்தத்துக்கு எதிர்க்கட்சியிலிருந்த முஸ்லிம் உறுப்பினர்கள் சிலரும் கை தூக்கினார்கள். ஜனாஸா எரிந்துகொண்டிருந்த மாதம் அது. அவர்களுக்கு மாலை போட்டு வரவேற்ற ஊர்களும் இருக்கின்றன. யார் என்று எழுதப் போவதில்லை, உங்களுக்குத் தெரியும்.

கடிவாளம் வேலை செய்ததையும் பார்த்தோம். 2018 நவம்பரில் மைத்திரிபால பாராளுமன்றத்தைக் கலைத்தார். டிசம்பர் 13இல் ஏழு நீதிபதிகள் ஏகமனதாக அது செல்லாது என்றார்கள். பத்தொன்பதாவது திருத்தத்தில் எழுதி வைத்திருந்த வரிகள்தான் அந்தத் தீர்ப்பின் முதுகெலும்பு. ஆள் நல்லவரா கெட்டவரா என்று நீதிமன்றம் பார்க்கவில்லை, தாளில் என்ன இருக்கிறது என்று பார்த்தது.

1994இல் சந்திரிக்கா ஒழிப்பேன் என்றார். பிறகு வந்தவர்களும் சொன்னார்கள். 2024இல் வென்றவர்களின் விஞ்ஞாபனத்திலும் இருக்கிறது. அவர்களை நான் இப்போதே குறை சொல்லவில்லை. ஆனால் வாக்குக் கேட்டு எங்கள் ஊருக்கு வருகிறவர்களிடம் நாங்கள் கேட்பது ரோட்டும் நியமனமும் மட்டும்தான். இந்தக் கேள்வியை ஒரு கூட்டத்திலாவது யாராவது எழும்பிக் கேட்டதை நான் பார்க்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லுங்கள், திருத்திக்கொள்கிறேன்.

அந்தப் பெடியனுக்கு அடுத்த நாள் இதில் பாதியைச் சொன்னேன். கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அப்ப சேர், எங்கட வயலுக்கும் மன்னிப்புக் கேப்பாங்களா?" என்றான்.

நான் இன்னும் பதில் சொல்லவில்லை. உங்களிடம் இருந்தால் கீழே எழுதுங்கள். கட்சிச் சண்டை வேண்டாம், பிள்ளைகளும் வாசிக்கிறார்கள்.