அடைக்கலத்தின் விலை வாய்ப்பூட்டா?

அகதியாக வந்தவள் அடக்கமாக இருக்க வேண்டும் என்று ஓர் எழுதாச் சட்டம் உலகில் நிலவுகிறது. உண்ண உணவும் ஒதுங்க இடமும் கொடுத்தவர்களுக்கு அவள் வாழ்நாளெல்லாம் நன்றி கூறிக்கொண்டிருக்க வேண்டுமாம். பாடத் தெரிந்தால் பாடலாம்; பேசத் துணிந்தாலோ நன்றி கெட்டவள்! இந்தச் சட்டத்தை இயற்றியவர் எவர்? இதற்கு நாம் ஏன் தலையாட்ட வேண்டும்? இவ்வினாக்களை எழுப்ப, ‘எம்.ஐ.ஏ.’ என்று உலகம் அறிந்த ஈழத் தமிழ்ப் பாடகி மாதங்கி அருள்பிரகாசத்தின் வாழ்க்கை நமக்குப் போதுமான சான்று.

1975 ஜூலை 18ஆம் நாள் இலண்டனில் பிறந்த அவர், ஆறு மாதக் குழந்தையாக யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டார். தந்தை அருளர், ஈரோஸ் இயக்கத்தைத் தோற்றுவித்தவர்களுள் ஒருவர். அவருடைய தலைமறைவு வாழ்வின் காரணமாகப் பிள்ளைகள் அவரை மாமா என்றே அறிந்து வளர்ந்தனர். சில காலம் அக்குடும்பம் நமது சென்னையிலும் வறுமையோடு வாழ்ந்தது. போர் முற்றிய நிலையில், 1986இல் தாய் கலா தம் மக்களோடு அகதியாக இலண்டன் சேர்ந்தார். தென் இலண்டனின் அரசுக் குடியிருப்பொன்றில் தையல் வேலை செய்து பிள்ளைகளை ஆளாக்கினார். பிரித்தானிய அரச விருதுகளின் பதக்க நாடாக்களைத் தைத்தவை அத்தாயின் விரல்களே.

மகள் சென்ட்ரல் செயின்ட் மார்ட்டின்ஸ் கலைக் கல்லூரியில் பயின்றார். 2005இல் வெளிவந்த முதல் இசைத்தொகுப்புக்குத் தந்தையின் பெயரையும், 2007இல் வெளிவந்த இரண்டாவதற்குத் தாயின் பெயரையும் சூட்டினார். அந்த இரண்டாவது தொகுப்பில் நம் உறுமி மேளம் முழங்கியது. 2009இல் ஏ.ஆர்.ரஹ்மானோடு இணைந்து உருவாக்கிய பாடலுக்காக ஆஸ்கார் விருதுக்கு முன்மொழியப்பட்டார். 2020இல் பிரித்தானிய அரசு அவருக்கு எம்.பி.இ. விருதளித்தது. தாய் ஆண்டுக்கணக்கில் தைத்துக் கொடுத்த நாடா மகளின் மார்பில் ஏறியது.

இதுவரை சொன்னால் எல்லோரும் கை தட்டுவர். “நம் தமிழ்ப்பெண் உலகை வென்றாள்” என்று மார் தட்டுவர். ஆனால் அவர் பேசியபோது நடந்தது என்ன?

2009இன் தொடக்கத்தில் வன்னியில் குண்டு மழை பொழிந்துகொண்டிருந்தது. போரின் இறுதி மாதங்களில் 40,000 பொதுமக்கள் வரை மாண்டிருக்கலாம் என்று ஐ.நா. வல்லுநர் குழு 2011இல் கூறியது. பிப்ரவரி 8ஆம் நாள் நிறைசூலியாகக் கிராமி மேடையில் பாடிய இப்பெண், கிடைத்த தொலைக்காட்சி நேர்காணல்களிலெல்லாம் அம்மக்களைப் பற்றியே பேசினார். உடனே எழுந்தது பழி: ‘பயங்கரவாதத்தின் தோழி!’ மறு ஆண்டில், அமெரிக்காவின் பெயர்பெற்ற நாளேடொன்றின் வார இதழ், அவர் விலையுயர்ந்த உருளைக்கிழங்கு வறுவலைத் தின்றுகொண்டே ஒடுக்கப்பட்டோரைப் பற்றிப் பேசியதாக எள்ளி எழுதியது. அந்த வறுவலை வாங்கலாம் என்று முதலில் சொன்னவர் நேர்கண்டவரே என்பதை அவர் தம் ஒலிப்பதிவைக் கொண்டு காட்டினார். ஏழைக்காகப் பேசுபவள் என்றும் ஏழையாகவே இருக்க வேண்டும் என்பது எந்த ஊர் நியாயம்? செல்வந்தர்கள் ஏழைகளைப் பற்றி ஒன்றுமே பேசாமல் அதே வறுவலைத் தின்றால் அது செய்தியாவதில்லையே!

2012இல் அமெரிக்கக் கால்பந்து இறுதிப் போட்டியின் இடைவேளை நிகழ்ச்சியில் அவர் தகாத விரற்சைகை ஒன்றைக் காட்டினார். அதை நான் போற்றவில்லை. ஆனால் அந்த ஒரு நொடிக்காக 1 கோடியே 66 லட்சம் டாலர் கேட்டது அவ்விளையாட்டு அமைப்பு. ஒரு பெண்ணின் விரலுக்கு இத்துணை விலை வைக்கும் உலகம், வன்னியில் மாண்ட ஒரு குழந்தைக்கு என்ன விலை வைத்தது?

இனி, நம் வாசகர்கள் கூர்ந்து நோக்க வேண்டிய இடத்துக்கு வருகிறேன். அதே 2012இல் ‘பேட் கேர்ள்ஸ்’ என்னும் அவரது பாடற்படம் வெளிவந்தது. மொராக்கோவில் எடுக்கப்பட்ட அப்படத்தில் முக்காடும் முகத்திரையும் அணிந்த பெண்கள் பாலைவனச் சாலையில் கார் ஓட்டிச் சாகசம் செய்கின்றனர். சவூதி அரேபியாவில் வாகனம் ஓட்டும் உரிமை கேட்டுப் போராடிய பெண்களுக்கு ஆதரவாக எழுந்த குரல் அது. நம்மவர் சிலர் ‘மார்க்கத்தை இழிவுபடுத்திவிட்டாள்’ என்று முகஞ்சுளித்தனர். அவர்களை நான் கேட்கிறேன்: பெண் வாகனம் ஓட்டலாகாது என்பது எந்த வசனத்தில் இருக்கிறது? அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் ஒட்டகத்தின் மீதமர்ந்து களம் வரை சென்ற வரலாறு நமக்குத் தெரியாததா? அம்பத்தூர்–செங்குன்றம் சாலையில் புர்கா அணிந்து ஸ்கூட்டர் ஓட்டிச் செல்லும் நம் சகோதரிகளைக் கண்டு எவருடைய ஈமான் குறைந்துவிட்டது?

1990 நவம்பர் 6ஆம் நாள் ரியாத் நகரில் 47 பெண்கள் துணிந்து கார் ஓட்டித் தண்டனைக்கு உள்ளாயினர். 2011இல் மனால் அல்-ஷரீஃப் அதே ‘குற்றத்திற்காக’ச் சிறை புகுந்தார். 2018 ஜூன் 24ஆம் நாள் அத்தடை நீங்கியது. நீங்கிய பின் எந்த வானமும் இடிந்து விழவில்லை. ஆனால் தடை நீங்குவதற்குச் சில வாரங்களுக்கு முன், அவ்வுரிமைக்காகப் போராடிய லுஜைன் அல்-ஹத்லூல் கைதானார். 2021 பிப்ரவரியில்தான் வெளியே வந்தார். உரிமையைக் கொடுத்தாலும், கேட்டவளின் வாயை மூடிவிட்டே கொடுக்க வேண்டும் என்பதே ஆள்வோரின் எண்ணம். நான் முதலில் சொன்ன அந்த எழுதாச் சட்டம் அகதிகளுக்கு மட்டுமுரியதன்று என்பது இங்கே விளங்கவில்லையா?

நம் மார்க்கம் இச்சட்டத்தை ஏற்கிறதா? அஸ்மா பின்த் உமைஸ் (ரலி) அவர்களின் வரலாற்றை எண்ணிப் பாருங்கள். மக்கத்துக் கொடுமை தாளாமல் கடல் கடந்து அபிசீனியாவில் தஞ்சம் புகுந்து, பல்லாண்டுகளுக்குப் பின் கைபர் வெற்றிக் காலத்தில் மதீனா வந்தவர் அவர். ஹிஜ்ரத்தில் நாங்களே உங்களுக்கு முந்தியவர்கள், ஆகவே நபிகளாரிடம் எங்களுக்கே உரிமை அதிகம் என்று உமர் (ரலி) அவர்கள் கூறிவிட்டார். அந்த அகதிப் பெண்மணி அடங்கிப் போனாரா? வெகுண்டார். அண்ணலார் உங்களோடிருந்து பசித்தவருக்கு உணவளித்தார், நாங்களோ அந்நிய மண்ணில் அஞ்சி வாழ்ந்தோம் என்று எதிருரைத்தார். நாயகத்திடம் முறையிடாமல் உண்பதில்லை, பருகுவதில்லை என்று சூளுரைத்தார். பெருமானார் (ஸல்) அவர்கள் ‘பெரியவரை எதிர்த்துப் பேசலாமா’ என்று அவரைக் கடிந்தார்களா? இல்லை. உமருக்கும் அவர் தோழர்களுக்கும் ஒரு ஹிஜ்ரத், கப்பலில் வந்த உங்களுக்கோ இரண்டு என்று தீர்ப்பளித்தார்கள். அத்தீர்ப்பைக் கேட்டறிய அபிசீனியத் தோழர்கள் அணியணியாக அப்பெண்மணியிடமே வந்தனர். அகதிப் பெண்ணின் கோபத்துக்கு நியாயம் வழங்கிய மரபு நம்முடையது. அதை மறந்துவிட்டு, வாய்ப்பூட்டை மார்க்கமென்று விற்பவர் யார்?

எம்.ஐ.ஏ. சொன்ன எல்லாவற்றையும் நான் ஏற்பதாக எவரும் கொள்ள வேண்டா. 2022இல் தடுப்பூசி பற்றி அவர் பேசியது பிழை என்றே கருதுகிறேன். ஆனால் பேசும் உரிமை பிழையின்றிப் பேசுவோருக்கு மட்டும் உரியதென்றால், நம்மில் எத்தனை பேர் வாய் திறக்க முடியும்?

அவருக்காகக் கை தட்டும் நாம் நம் வாசலைப் பார்ப்போம். அம்பத்தூரிலிருந்து சிறிது தொலைவில் புழல் காவாங்கரையில் ஈழ அகதிகளின் முகாம் இருக்கிறது. பூந்தமல்லியில் ஒரு காலத்தில் ‘சிறப்பு முகாம்’ என்ற பெயரில் மற்றொன்று இருந்தது. சிறையென்று சொல்லக் கூசியோர் சூட்டிய பெயர் அது. 2021இல் தமிழக அரசு அகதி முகாம்களை ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றி, 317 கோடி ரூபாய்க்குத் திட்டமும் அறிவித்தது. நல்ல செயலே; மறுக்கவில்லை. ஆனால் இங்கேயே பிறந்து, இங்கேயே படித்து, தமிழைத் தவிர வேறறியாத முகாம்ப் பிள்ளைகளில் பெரும்பாலோர் இன்னும் இந்நாட்டுக் குடிமக்களல்லர். அகதிகளுக்கென்று நம் நாட்டில் தனிச் சட்டம் இல்லை. 2019ஆம் ஆண்டின் குடியுரிமைத் திருத்தச் சட்டமோ இலங்கையிலிருந்து வந்தோரையும் விட்டது, முஸ்லிம்களையும் விட்டது. ஒரே வாசற்படியில் நிறுத்தப்பட்ட இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்ள வேண்டாமா?

பார்க்கத் தயங்குவதற்கு ஒரு காரணம் உண்டு. அதையும் மறைக்க மாட்டேன். 1990 அக்டோபரில் வட மாகாணத்திலிருந்து ஏறக்குறைய 75,000 முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினர். யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்குக் கிடைத்த அவகாசம் இரண்டே மணி நேரம். ரியாத்தில் அந்த 47 பெண்கள் கார் ஓட்டியபோது, நம் சகோதரிகள் கைக்குழந்தைகளோடு புத்தளத்தை நோக்கி நடந்துகொண்டிருந்தனர். அவர்களும் தமிழ் பேசிய அகதிகளே. வன்னிக்காக அழும் கண் புத்தளத்துக்காகவும் அழ வேண்டும் என்று கேட்கும் உரிமை நமக்குண்டு. புத்தளத்தைக் காட்டி வன்னியை மறக்கும் உரிமை மட்டும் நமக்கில்லை. துயரங்களைத் தராசிலிட்டு, ஒன்றைக் கொண்டு மற்றொன்றைக் குறைப்பது வணிகம். அறம் அவ்வாறு கணக்குப் பார்ப்பதில்லை.

அம்பத்தூர் தொழிற்பேட்டையில், கலா அம்மையார் குனிந்ததுபோலவே தையல் இயந்திரத்தின் முன் குனிந்திருக்கும் பெண்கள் எத்தனையோ பேர். அவர்களுடைய மகள்களில் எவள் நாளை எழுந்து பேசப்போகிறாளோ, அறியோம். பேசும் அன்று நாம் என்ன செய்யப்போகிறோம்? அவள் உடையை அளந்து பார்ப்போமா? ‘இருக்க இடம் கொடுத்தோமே’ என்று கணக்குச் சொல்வோமா?

அடைக்கலம் கொடுத்தவன் கடன் கொடுத்தவனாகிவிடுவதில்லை. மதீனத்து அன்சாரிகள் வந்தவர்களுக்கு வீட்டில் பாதியைக் கொடுத்தார்கள். வாய்க்குப் பூட்டுப் போடவில்லை. அவர்களைப் புகழ்ந்து மேடைதோறும் முழங்கும் நாம், முதலில் அந்தப் பூட்டைக் கழற்றி வைப்போம்.