சின்னத்திரை என்னும் வசவு

2022 ஆகஸ்டில் வோல்ஃப்காங் பீட்டர்சன் இறந்தபோது, எஸ்ஸனில் நாங்கள் நடத்தும் வாசகர் வட்டத்தின் வாட்ஸ்அப் குழுவில் நண்பர் ஒருவர் அஞ்சலி எழுதினார். தொலைக்காட்சியில் வீணாகிக்கொண்டிருந்தவர், 'டாஸ் போட்' எடுத்துத் தப்பித்து, ஹாலிவுட்டில் 'ட்ராய்' வரை உயர்ந்தார் என்பது அதன் சாரம். பதினேழு பேர் கைகூப்பினார்கள். நானும் கூப்பினேன். அதற்கான பிராயச்சித்தம்தான் இந்தக் கட்டுரை.

அந்த 'வீணான' ஆண்டுகளைப் பார்ப்போம். 1971க்கும் 1977க்கும் இடையில் 'டாட்டோர்ட்' துப்பறியும் வரிசைக்கு ஆறு படங்கள். 1973இல் 'ஸ்மாக்'. நாங்கள் வசிக்கும் இதே ரூர் பகுதியை நச்சுப்புகை மூடுவதாகக் கதை. செய்தி ஒளிபரப்பைப் போலவே எடுத்திருந்ததால் நிஜமென்று நம்பிப் பயந்தவர்கள் உண்டு. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 1985 ஜனவரியில், ரூரின் மேற்குப் பகுதியில் உச்சக்கட்டப் புகை எச்சரிக்கை உண்மையாகவே அறிவிக்கப்பட்டது.

1977இல் 'டீ கொன்செக்வென்ட்ஸ்'. சிறையில் இருக்கும் ஒருவனுக்கும் சிறைக் காவலரின் மகனுக்கும் இடையிலான காதல். நாடு முழுவதும் ஒளிபரப்பான இரவில் பவேரிய நிலையம் மட்டும் பொது ஒளிபரப்பிலிருந்து விலகிக்கொண்டது. ஒரு மாநிலமே திரையை மூடிக்கொள்ளும் அளவுக்கு 'ட்ராய்' யாரையாவது தொந்தரவு செய்ததா?

சரி, 'தப்பித்த' கதைக்கு வருவோம். 1981இல் வந்து ஆறு ஆஸ்கர் பரிந்துரைகள் பெற்ற 'டாஸ் போட்'டுக்குப் பணம் போட்டவர்களில் இரண்டு பொதுத் தொலைக்காட்சி நிலையங்கள் உண்டு. கப்பல் தலைவனாக நடித்த யூர்கன் புரொக்னோவ், 'டீ கொன்செக்வென்ட்ஸி'ன் நாயகன். இசையமைத்த கிளாஸ் டோல்டிங்கர், 'டாட்டோர்ட்'டின் முகப்பிசைக்கும் சொந்தக்காரர். தப்பித்தவர் சிறையையே கூட அழைத்துப் போயிருக்கிறார்!

திரையரங்கில் ஓடியது இரண்டரை மணி நேரம். 1985இல் தொலைக்காட்சியில் மூன்று பாகங்களாக வந்தது ஏறத்தாழ ஐந்து மணி நேரம். முதுகலை படிக்க வந்த புதிதில் விடுதியின் பொது அறையில் அந்த நீண்ட வடிவத்தைப் பார்த்தேன். ஜெர்மன் பாதிதான் புரிந்தது. ஆனால் நீர்மூழ்கிக் கப்பலில் போர் என்பது பெரும்பாலும் சும்மா காத்திருப்பது என்பது முழுதாகப் புரிந்தது. அரங்கு வடிவத்தில் குறைந்துபோனது அந்தக் காத்திருப்புதான். என்னைக் கேட்டால் நீண்டதுதான் படம், மற்றது அதன் சுருக்கம்.

(என் தொழிலிலும் இந்த நோய் உண்டு. ஓடிக்கொண்டிருக்கும் மென்பொருளைப் பராமரிப்பவர் கீழ்சாதி, புதிதாக எழுதுபவர் மேல்சாதி.)

நம் ஊரில் பாலுமகேந்திரா சன் டிவிக்காக 'கதை நேரம்' எடுத்தார். தமிழ்ச் சிறுகதைகளை வாராவாரம் வீட்டுக் கூடத்துக்குக் கொண்டுவந்தார். மட்டக்களப்புக்காரர் என்று பெருமைப்படும் நாம், அதைப் பற்றி எத்தனை கட்டுரை எழுதினோம்? 'மூன்றாம் பிறை'யின் கடைசிக் காட்சிக்கு மட்டும் ஆண்டுதோறும் கண்ணீர். பாலசந்தர் தொடர்கள் எடுத்தபோது "பாவம், சீரியலுக்கு வந்துட்டார்" என்றார்கள். என் அப்பாவும் சொன்னார்.

"நம் சீரியல்களைப் பார்த்துவிட்டுப் பேசுங்கள்" என்பார் நண்பர். பார்த்திருக்கிறேன், தாங்காது. ஜெர்மன் தொலைக்காட்சியும் வாரம் ஏழு கொலை காட்டிச் சலிப்பூட்டும். ஆனால் 'ஸ்மாக்'கை விளம்பரதாரர் எடுக்கவில்லை. வீட்டுக்கு வீடு வசூலித்த ஒளிபரப்புக் கட்டணம் எடுத்தது. அதே கட்டணம், மாதம் 18.36 யூரோ, நம் வீட்டுக்கும் கடிதமாக வரும்போது, "நான்தான் டிவியே பார்ப்பதில்லையே" என்று திட்டுகிறோம். நெட்ஃபிளிக்ஸுக்கு மறுபேச்சில்லாமல் கட்டுகிறோம்.

பீட்டர்சனுக்கு இந்த மேல், கீழ் தெரிந்திருக்கவில்லை. 2006இல் 'பொசைடன்' கவிழ்ந்தது, கப்பலும் வசூலும். பத்து ஆண்டுகள் கழித்து ஜெர்மனிக்கு வந்து அவர் எடுத்த கடைசிப் படம் 'ஃபியர் கேகன் டீ பாங்க்'. 1976இல் அவரே எடுத்த தொலைக்காட்சிப் படத்தின் மறுஆக்கம். சுமார்தான், ஒளிக்கவில்லை.

அடுத்த மாதக் கூட்டத்துக்கு 'ஸ்மாக்' திரையிடலாம் என்று குழுவில் எழுதினேன். "டிவி படமா?" என்று ஒரே ஒரு பதில் வந்தது. தமிழில் துணைத்தலைப்பு போடத் தொடங்கியிருக்கிறேன். இருபது நிமிடம் முடிந்திருக்கிறது.