தேதி போட்ட கணக்கு

எங்கள் வீதியிலிருந்து ஒரு குடும்பம் ஜூன் மாதம் ராஜ்கோட்டுக்குக் குடிபோகிறது. வீட்டுக்காரர் இங்கே ஒரு நூற்பாலையில் பதினோரு வருடமாக ஃபிட்டர். ராஜ்கோட் பக்கம் ஒரு மில்லில் சூப்பர்வைசர் வேலை கிடைத்திருக்கிறது. மனைவி திருப்பூர் பனியன் கம்பெனிக்குத் தினமும் வேன் ஏறிப் போகிறவர். பையன் ஏழாவது போகிறான். போன வாரம் மூன்று பேரும் ஒரு நோட்டை எடுத்துக்கொண்டு வந்தார்கள். நோட்டில் ஒரே வரி எழுதியிருந்தது: லாரி வாடகை. பக்கத்தில் ஒரு கேள்விக்குறி.

"லாரிக்கு எவ்வளவு ஆகும்னு தெரிஞ்சா போதுங்கண்ணா, மத்தது பாத்துக்கலாம்" என்றார் ஃபிட்டர் தம்பி. அந்தம்மா ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் ஐந்து பவுன் அடகுக்குப் போவது வீட்டில் ஏற்கெனவே முடிவாகியிருந்தது. இந்தப் பத்தியை நான் எழுதுவது அந்த ஐந்து பவுனுக்காகத்தான்.

முதலில் லாரியையே பேசிவிடலாம். கருமத்தம்பட்டி நால்ரோட்டில் கால் மணி நேரம் நின்றால் இந்தியாவின் பாதி மாநிலங்களின் நம்பர் பிளேட்டைப் பார்த்துவிடலாம். சேலம்–கொச்சி நெடுஞ்சாலை நம் ஊரை அறுத்துக்கொண்டு போகிறது. குஜராத்திலிருந்து சங்கர்-6 பருத்தி பேல் ஏற்றிக்கொண்டு நம் பக்கத்து மில்களுக்கு வரும் லாரிகள் இறக்கிய பிறகு ஊர் திரும்ப லோடு தேடி நிற்கும். டிரைவருக்கு அது ரிட்டர்ன் லோடு. அவர் கேட்கும் வாடகையும், இங்கிருந்து தனி வண்டி பிடித்தால் கேட்கும் வாடகையும் ஒன்றல்ல. தனி வண்டிக்குத் திரும்பி வரும் காலி ஓட்டத்தையும் நாம்தான் சுமக்க வேண்டும். ஒரு ஃபிட்டர் வீட்டுச் சாமான் லாரியில் கால் பங்குகூட வராது. ஆகவே நல்ல புக்கிங் ஆபீஸ் மூலம் பார்ட் லோடாகப் போடுவது அவர்களுக்குச் சரியான வழி. இதில் ஒரு சங்கடம் உண்டு. மற்ற லோடு சேரும்வரை வண்டி கிளம்பாது. சாமான் போய்ச் சேரும் நாளை யாரும் உறுதியாகச் சொல்ல மாட்டார்கள். அதனால் நாலு நாள் வெறும் வீட்டில் பாயும் இரண்டு பாத்திரமுமாக இருக்கத் தயாராக வேண்டும்.

வாடகை சொல்லும்போது ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி, மாடி ஏற்றும் கூலி, டோல், ஜி.எஸ்.டி. எல்லாம் சேர்த்தா, தனியா என்று அங்கேயே கேட்டு எழுதி வாங்குங்கள். பயன்படுத்திய வீட்டுச் சாமானுக்கு இ-வே பில் தேவையில்லை, விதியிலேயே விலக்கு இருக்கிறது. ஆனால் சாமான் பட்டியல் ஒன்றை நாமே எழுதி, கையெழுத்துப் போட்டு, ஒரு நகலை டிரைவரிடம் கொடுத்தால் செக்போஸ்டில் பேச்சு குறையும். அந்தப் பட்டியலில் மதிப்பும் போட வேண்டும். சாலைவழிச் சரக்கு ஏற்றுவோருக்கான 2007-ஆம் ஆண்டுச் சட்டமும் அதன் விதிகளும், சாமான் போனாலும் உடைந்தாலும் வாடகையின் பத்து மடங்குக்கு மேல் பொறுப்பில்லை என்று வரம்பு வைத்திருக்கின்றன. நாம் எழுதிக் கொடுத்த மதிப்பைத் தாண்டியும் கேட்க முடியாது. சும்மா ஒரு ஐயாயிரம் என்று போட்டுக் கொடுத்தால் கிடைப்பதும் அந்த ஐயாயிரத்துக்குள்தான். புகாரை எழுத்தில் கொடுக்க, புக் செய்த நாளிலிருந்து 180 நாள் அவகாசம். இன்ஷூரன்ஸ் என்று தனியாகப் பணம் கேட்டால், பாலிசி எந்தக் கம்பெனியில், யார் பெயரில் என்று கேளுங்கள். பாலிசி காகிதம் வராவிட்டால் அந்தப் பணத்தைக் கொடுக்காதீர்கள்.

தம்பி விசாரித்ததில் பார்ட் லோடுக்கு எல்லாம் சேர்த்து 38,000 சொன்னார்கள். அவ்வளவு தூரத்துக்கு அது அநியாயமான தொகை இல்லை. நோட்டில் கேள்விக்குறியை அடித்து 38,000 என்று எழுதினார். கணக்கு முடிந்தது என்று நினைத்தார். எனக்கு அங்கேதான் கணக்கு ஆரம்பித்தது.

பக்கத்தில் சூலூர் விமானப்படைத் தளம் இருக்கிறது. அங்கே இருப்பவர்களைப் போல மத்திய அரசு ஊழியர் மாறுதலில் போகும்போது குடும்பத்தை நகர்த்த என்ன செலவாகும் என்று அரசாங்கமே கணக்குப் போட்டு வைத்திருக்கிறது. ஏழாவது ஊதியக்குழுவுக்குப் பிறகு 2017-இல் வந்த உத்தரவின்படி, ஆறாம் ஊதிய நிலை முதல் மேலே உள்ளவர்களுக்கு 6,000 கிலோ சாமான், சாலை வழியில் கிலோமீட்டருக்கு 50 ரூபாய். ஐந்தாம் நிலைக்கு 3,000 கிலோ, 25 ரூபாய். அதற்குக் கீழே 1,500 கிலோ, 15 ரூபாய். அகவிலைப்படி 50 சதவீதம் கூடும்போதெல்லாம் இந்த ரேட் 25 சதவீதம் உயரும். இது லாரிக்கான பணம். இதற்கு மேல், கடைசி மாத அடிப்படைச் சம்பளத்தில் 80 சதவீதத்தை மொத்தமாகக் கொடுத்துவிடுகிறார்கள். அதற்குத் தனித்தனி ரசீது கேட்பதில்லை. டீத்தூளுக்குக்கூட பில் கேட்கும் அரசாங்கம், குடிபெயர்வில் பில் வராத செலவு கிட்டத்தட்ட ஒரு மாதச் சம்பளம் ஆகும் என்று ஒப்புக்கொண்டிருக்கிறது. தனியார் வேலைக்குப் போகிறவருக்கு இந்தத் தொகையைத் தர யாருமில்லை. செலவு மட்டும் அதே செலவுதான்.

அந்தச் செலவை ஒவ்வொன்றாக எழுத ஆரம்பித்தோம். ராஜ்கோட்டில் பார்த்து வைத்த வீட்டுக்கு வாடகை 9,000. மூன்று மாத அட்வான்ஸ், முதல் மாத வாடகை, புரோக்கருக்கு ஒரு மாதம் என்று 45,000. பையனுக்கு ஸ்கூல் சேர்க்கை 18,000. ரயிலும் வழிச் சாப்பாடும் 6,000. போன இடத்தில் புதிதாக வாங்குவது, கேஸ் இணைப்பு, ஒட்டுவேலை என்று 15,000. முதல் சம்பளம் வரும்வரை சாப்பாட்டுக்கு 12,000. லாரியையும் சேர்த்தால் 1,34,000. அந்தம்மா தலையில் கை வைத்துக்கொண்டார்.

இனி வரவு. இங்குள்ள வீட்டு ஓனரிடம் அட்வான்ஸ் 50,000 இருக்கிறது. தம்பிக்குப் பதினோரு வருடத்துக்குக் கிராஜுவிட்டி வர வேண்டும். அதை அவர் யோசிக்கவே இல்லை. அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்ந்து 14,000 என்றால், அதை 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, வருடத்தால் பெருக்கினால் சுமார் 88,800. இரண்டும் சேர்ந்து 1,38,800. செலவைவிட வரவு நாலாயிரத்துச் சொச்சம் கூடவே இருக்கிறது!

அப்படியானால் ஐந்து பவுன் எதற்கு அடகுக்குப் போகிறது? தேதியால்தான். நோட்டில் ஒவ்வொரு வரிக்கு எதிரேயும் நாளைப் போடச் சொன்னேன். ராஜ்கோட் அட்வான்ஸ் மே கடைசியில். ஸ்கூல் ஜூன் முதல் வாரம். லாரிக்குப் பாதி ஏற்றும்போது, மீதி இறக்கும்போது, ஜூன் நடுவில். இங்கே அட்வான்ஸ் திரும்புவது சாவி கொடுத்த பிறகு. தமிழ்நாட்டு வாடகைச் சட்டப்படி ஓனருக்கு ஒரு மாதம் அவகாசம் உண்டு, ஆகவே ஜூலை. கிராஜுவிட்டிக்கு 30 நாள், அதுவும் ஜூலை. அங்கே முதல் சம்பளமும் ஜூலையில்தான். செலவெல்லாம் ஜூன் முடிவதற்குள், வரவெல்லாம் ஜூலையில். கையில் இருக்கும் சேமிப்பு 40,000. ஜூனில் இடிக்கிற தொகை 94,000. இந்த ஒரு மாத இடைவெளிதான் நம் ஊர்ப் பெண்களின் கழுத்திலிருந்து இறங்குகிறது. இறங்கியது சில வீடுகளில் வருடக்கணக்கில் மீளாமல் கிடப்பதையும் பார்த்திருக்கிறேன். வட்டி கட்டிக்கொண்டே இருப்பார்கள். புது ஊரில் புதுச் செலவு வந்து அசலைக் கட்ட விடாது.

அதனால் தேதிகளை நகர்த்தப் பார்த்தோம். ஓனரம்மாவிடம் போய், மே, ஜூன் வாடகையை அட்வான்ஸிலேயே கழித்துக்கொள்ளச் சொன்னார் தம்பி. முன்கூட்டியே சொன்னதால் அவர் மறுக்கவில்லை. 14,000 கையில் நின்றது. புது மில்லில், லாரிப் பணத்தைப் பில் காட்டிய பிறகு தருகிறோம் என்றிருந்தார்கள். அதை அப்படியே விட்டுவிட்டு வந்திருந்தார். பிறகு தரும் பணம் ஜூனுக்கு உதவாது. லாரி ஆபீஸுக்கு நேராகக் கட்டிவிடுங்கள் என்று கேளுங்கள் என்றேன். கூச்சப்பட்டார். ஆளை வேண்டும் என்று கூப்பிடுகிற இடத்தில் கேட்பதற்கு ஒன்றும் வெட்கமில்லை, சேர்ந்த பிறகு கேட்டால்தான் கஷ்டம். கேட்டார், ஒப்புக்கொண்டார்கள். 38,000 இறங்கியது.

அடுத்தது சாமான். எதை எடுப்பது, எதை விடுவது என்பதில் மனம்தான் எடை போடுகிறது, தராசு போடுவதில்லை. மரக்கட்டிலும் பழைய ஃபிரிட்ஜும் பீரோ ஒன்றும் இங்கேயே விற்றால் 12,000 வரும், வண்டியில் இடமும் மிச்சம். கிரைண்டரை மட்டும் விடக்கூடாது என்று அந்தம்மா உறுதியாக இருந்தார். அவர் சொன்னது சரி. கோயம்புத்தூர் வெட் கிரைண்டர் புவிசார் குறியீடு வாங்கிய பொருள். ராஜ்கோட் கடைவீதியில் அதே கல்லுக்கு அலைய முடியாது. குழவிக் கல்லைத் தனியே கழற்றி, பழைய பருத்திப் புடவையில் இரண்டு சுற்றுச் சுற்றி, துணிமூட்டைக்கு நடுவில் வைக்க வேண்டும். டிரம்முக்குள்ளேயே வைத்துக் கட்டினால் முதல் பள்ளத்தில் விளிம்பு சிதறிவிடும். ஜூன் மாதம் மும்பைப் பக்கம் மழை பிடித்திருக்கும். தார்ப்பாய் உங்கள் கண் முன்னால் கட்டப்பட வேண்டும். பைக்கை ரயில் பார்சலில் போடலாம்: டேங்கில் பெட்ரோல் இருக்கக் கூடாது, ஆர்.சி. நகல் வேண்டும். கோவையிலிருந்து ராஜ்கோட்டுக்கு வாரம் ஒரு ரயில். ஸ்லீப்பரில் ஆளுக்கு 40 கிலோ கட்டணமில்லாமல் கொண்டுபோகலாம், மூன்று பேருக்கு 120 கிலோ. முதல் வாரத்துக்கான துணி, பாத்திரம், அரிசி, பையனின் புத்தகம் இதில் வந்துவிடும். முன்பதிவு 60 நாளுக்கு முன்பே திறந்துவிடும், அந்த நாளையும் நோட்டில் எழுத வேண்டும்.

கேஸ் சிலிண்டரை லாரியில் ஏற்றக் கூடாது. ஏஜென்சியில் சிலிண்டரையும் ரெகுலேட்டரையும் ஒப்படைத்து வவுச்சர் வாங்கிக்கொண்டு போய், அங்கே புது டெபாசிட் கட்ட வேண்டும். இங்கே திரும்பக் கிடைப்பது நாம் அன்று கட்டிய டெபாசிட். 14.2 கிலோ சிலிண்டருக்கு 1,450 ரூபாயாக இருந்தது 2022 ஜூனில் 2,200 ஆனது. ரெகுலேட்டர் 150-லிருந்து 250. சிறிய தொகைதான். ஆனால் இப்படிப் பத்து சிறிய தொகை சேர்ந்துதான் அந்த 15,000 ஆகிறது.

ஆடி பிறப்பதற்குள் போய்ப் பால் காய்ச்சிவிட வேண்டும் என்பதால்தான் ஜூனில் இத்தனை நெருக்கடி. இதில் நான் யாரிடமும் வாதம் செய்வதில்லை. தம்பி முன்னால் போய் மில் குவார்ட்டர்ஸில் தங்கிவிட்டு ஆவணியில் குடும்பத்தைக் கூட்டிப்போனால் செலவுகள் சம்பளத்துக்குப் பின்னால் வந்திருக்கும். பையனின் ஸ்கூல் அதற்கு இடம் கொடுக்கவில்லை.

நோட்டில் யாரும் எழுதாத வரி ஒன்று கடைசிவரை இருந்தது. அந்தம்மாவின் சம்பளம். மாதம் பத்தாயிரத்துக்கு மேல் வீட்டுக்கு வந்துகொண்டிருந்த பணம் ஜூன் முதல் நின்றுவிடும். மொழி தெரியாத ஊரில் வேலை தேட ஆறு மாதமாவது ஆகும். இந்தக் குடிபெயர்வின் மிகப்பெரிய செலவு அதுதான், லாரியைவிடப் பெரியது. புதுச் சம்பளம் எவ்வளவு கூட என்று கணக்குப் போடும்போது இதைக் கழித்துவிட்டுப் பார்க்க வேண்டும். தம்பி கழித்துப் பார்த்தார். அதற்குப் பிறகும் லாபம்தான், ஆனால் அவர் நினைத்ததில் பாதி.

"தீபாவளி போனஸும் போச்சுங்களே" என்றார் அந்தம்மா. போகாது. போன ஏப்ரல் முதல் இந்த மார்ச் வரை உழைத்த வருடத்துக்கான போனஸ் அது. வருடத்தில் 30 நாள் வேலை செய்திருந்தாலே உரிமை உண்டு, குறைந்தது 8.33 சதவீதம். தீபாவளியன்று கேட்டில் நிற்க முடியாது என்பதால் வங்கிக் கணக்கு எண்ணையும் ராஜ்கோட் முகவரியையும் எழுதிக் கொடுத்துவிட்டு வரவேண்டும். அந்த வரவையும் தேதியோடு நோட்டில் சேர்த்தோம்.

இந்தக் கணக்குக்கே வழியில்லாத குடும்பங்களும் நம் ஊரில் இருக்கின்றன. சோமனூர், பல்லடம் பக்கம் விசைத்தறியில் முன்பணம் வாங்கி ஓட்டுகிறவர்கள். 2022-இல் கூலி உயர்வு கேட்டு ஒரு மாதத்துக்கு மேல் தறிகள் நின்றபோதும் அவர்கள் நினைத்த இடத்துக்குக் கிளம்பிவிட முடியவில்லை, வாங்கிய முன்பணம் அடைந்தால்தான் காலை எடுக்க முடியும். அவர்கள் நோட்டில் முதல் வரியே வேறு. அதை இன்னொரு வாரம் தனியாக எழுத வேண்டும்.

தம்பி வீட்டுக் கணக்கில் ஜூன் இடைவெளி இப்போது 30,000-க்கு இறங்கியிருக்கிறது. ஐந்து பவுனில் நாலு பவுன் பீரோவில் இருக்கும். பீரோவை விற்றுவிட்டால் அந்தம்மாவின் கைப்பையில் இருக்கும். மிச்சமுள்ள ஒரு பவுனுக்கும் மீட்கும் தேதி போட்டாயிற்று: ஜூலை 20, கிராஜுவிட்டி வந்த கையோடு. வேலையை விட்ட அன்றே அதற்கான விண்ணப்பத்தை எழுதிக் கொடுத்து, நகலில் மில் ஆபீஸ் சீல் வாங்கிவிடுங்கள் என்று தம்பியிடம் சொல்லியிருக்கிறேன்.