மலையிலிருந்து உருட்டிய வண்டி

'ஷாம்பெயின் சஃபாரி' என்று ஓர் ஆவணப்படம். 1995-ல் ஜார்ஜ் உங்கர் எடுத்தது. சார்லஸ் பெடோ என்ற கோடீசுவரர் 1934-ல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா காடுகளில் செய்த பயணம்தான் கதை.

தொழிலாளி ஒரு நிமிடத்தில் எவ்வளவு வேலை செய்யலாம் என்று ஆலைகளுக்குக் கணக்குப் போட்டுக் கொடுத்தே பணக்காரர் ஆனவர் அவர். அப்பேர்ப்பட்ட கணக்குப்புலி காட்டுக்குக் கொண்டுபோனது என்ன தெரியுமா? ஷாம்பெயின் புட்டிகள், ஐந்து சிட்ரோயன் வண்டிகள், நூற்றுக்கும் மேற்பட்ட குதிரைகள், ஆஸ்கர் வாங்கிய ஒரு கேமராக்காரர்!

வண்டிகள் சேற்றில் திணறின. விட்டுவிட்டுப் போயிருக்கலாம். அவரோ படத்துக்காக இரண்டை மலையிலிருந்து உருட்டிவிட்டார். இன்னொன்றைத் தெப்பத்தில் ஏற்றி ஆற்றில் விட்டு வெடி வைத்தார். அது வெடிக்கவே இல்லை! சிரிப்பு வருகிறதா? எனக்கும் வந்தது. குதிரைகளை நினைத்ததும் நின்றுவிட்டது. குளம்பு அழுகிப் பல குதிரைகள் செத்தன. கடைசியில் பனிக்காலம் நெருங்க, போக வேண்டிய ஊரை எட்டாமலே திரும்பினார்.

இதைச் சாகசம் என்கிறார்கள். நான் ஒப்பமாட்டேன். முன்னால் போய் மரம் வெட்டிப் பாதை போட்ட கூலியாட்களும், நிலத்தை அளந்த ஃபிராங்க் ஸ்வான்னெலும் செய்தார்களே, அதைச் சொல்லுங்கள், ஒப்புக்கொள்கிறேன். படம் பார்க்கக் கிடைத்தால் அவர்களைத் தேடிப் பாருங்கள்.