ஒன்பது கோயில், எண்பது நிமிடம்

தை மாதத்துச் சனிக்கிழமை ஒன்றில் காலை ஐந்தரைக்குக் கும்பகோணத்திலிருந்து வேன் கிளம்பியது. இரவு ஒன்பதுக்குத் திரும்பி வந்தது. இடையில் ஒன்பது நவக்கிரகக் கோயில்கள். எனக்கு வயது முப்பத்தைந்து, இன்னும் கல்யாணம் ஆகவில்லை. இது என் பிரச்சினை இல்லை, அம்மாவின் பிரச்சினை. ஜோசியர் ஒன்பது ஊரையும் எழுதிக் கொடுத்தார், அம்மா டிக்கெட் போட்டாள், நான் பக்கத்து சீட்டில் உட்கார்ந்தேன்.

சாஃப்ட்வேர் வேலையில் ஒட்டிக்கொண்ட பழக்கம், எதையும் அளந்து பார்ப்பது. அன்று போனில் நேரம் குறித்துக்கொண்டே வந்தேன். மொத்தம் 15 மணி 30 நிமிடம். அதில் வேனுக்குள் 8 மணி 20 நிமிடம். வரிசையில் 2 மணி 50 நிமிடம். சாப்பாடு, டீ, மத்தியானம் நடை திறக்கக் காத்திருந்தது எல்லாம் சேர்த்து 3 மணி. மிச்சம் 1 மணி 20 நிமிடம். ஒன்பது கோயிலுக்கு எண்பது நிமிடம். ஒரு கோயிலுக்கு ஒன்பது நிமிடம்கூடத் தேறவில்லை.

இதைப் பக்தி என்றும் சொல்கிறார்கள், ஆன்மிகச் சுற்றுலா என்றும் சொல்கிறார்கள். 2024 முதல் அரசுப் போக்குவரத்துக் கழகமும் கும்பகோணத்திலிருந்து இந்த ஒன்பது கோயிலுக்கு ஒரே நாளில் சிறப்புப் பேருந்து விடுகிறது. எனக்கு வேன் மேல் கோபமில்லை, பஸ் மேலும் இல்லை. கோபமெல்லாம் அந்தப் பட்டியல் மேல். கோயில்களைப் புள்ளிகளாக்கி, புள்ளிகளுக்கு நடுவில் இருக்கும் டெல்டாவைத் திரைச்சீலை போட்டு மறைக்கிற பட்டியல் அது.

முதல் நிறுத்தம் திருவையாற்றுக்குப் பக்கத்தில் இருக்கும் திங்களூர். பொழுது இன்னும் முழுசாக விடியவில்லை. வழிகாட்டி சொன்னது ஒரே வாக்கியம்: “இது சந்திரன் ஸ்தலம், மனக்குழப்பம் தீரும், பத்து நிமிஷத்துல வண்டிக்கு வந்துடுங்க.” அப்பூதியடிகள் பெயரை அவர் எடுக்கவே இல்லை.

திங்களூர் என்றால் எனக்கு முதலில் ஞாபகம் வருவது அப்பூதிதான். பெரியபுராணம் சொல்லும் கதை இது. அப்பூதி அப்பரைப் பார்த்ததே இல்லை. கேள்விப்பட்டிருக்கிறார், அவ்வளவுதான். அந்தக் கேள்வியிலேயே மூத்த பிள்ளைக்கும் திருநாவுக்கரசு, இளைய பிள்ளைக்கும் திருநாவுக்கரசு என்று பெயர் வைத்தார். வழிப்போக்கர்களுக்குத் தண்ணீர்ப் பந்தல் போட்டு அதற்கும் அதே பெயரை வைத்தார். அந்த வழியாக நடந்து வந்த அப்பர் பந்தலைப் பார்த்து, “யார் இந்தப் பேரை வெச்சது?” என்று விசாரித்ததில்தான் கதையே ஆரம்பிக்கிறது. சாலையும் வெயிலும் தாகமும் இல்லாமல் அந்தக் கதை இல்லை. நடந்து போகிறவனுக்குத் தண்ணீர் கொடுத்த ஊர் திங்களூர். அந்த ஊரில் பத்து நிமிஷத்துக்கு மேல் நிற்கக் கூடாது என்று எங்களுக்கு உத்தரவு.

அம்மா பிராகாரத்தில் நின்றுவிட்டாள். “உனக்கு இங்கதான்டா முதல் சோறு ஊட்டுனோம். உங்க தாத்தா புது அரிசி எடுத்துட்டு வந்தாரு. நீ துப்பிட்ட.” எனக்குத் தெரியாத விஷயம். எந்த இடத்தில் உட்கார்ந்தோம் என்று காட்ட என்னை அழைத்துப் போனாள். வெளியே ஹாரன் அடித்தது. “சரி வா, எல்லாரும் காத்திருக்காங்க” என்று பாதியில் திரும்பிவிட்டாள். முப்பத்தைந்து வருஷத்துக்கு முந்தைய ஒரு பிடி சோற்றைச் சொல்லி முடிக்க அவளுக்கு இன்னும் ஐந்து நிமிடம் போதும். அட்டவணையில் அது இல்லை.

இதன் பிறகு ஒவ்வொரு ஊரிலும் இதேதான். ஆலங்குடியில் குரு. அங்கே கூட்டம் குருபகவான் என்று கும்பிடுவது தட்சிணாமூர்த்தியை. தட்சிணாமூர்த்தி சிவன், கிரகமான குரு பிரகஸ்பதி. இரண்டும் ஒன்றில்லை என்று சைவர்களே சலிக்காமல் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். கேட்பதற்குத்தான் யாருக்கும் நேரமில்லை. திருநள்ளாற்றில், அந்தக் கோயிலுக்கு மேலே வரும்போது செயற்கைக்கோள்கள் மூன்று விநாடி நின்றுபோகின்றன, நாசாவே ஆடிப்போய்விட்டது என்றார் வழிகாட்டி. வேனில் கைதட்டல். செயற்கைக்கோள் விநாடிக்கு ஏழெட்டு கிலோமீட்டர் ஓடுவதால்தான் சுற்றுப்பாதையில் இருக்கிறது, நின்றால் விழுந்துவிடும் என்று நான் சொல்ல வாயெடுத்தேன். அம்மா தொடையில் கிள்ளினாள்.

அந்த ஊருக்கென்று சொந்தமாக ஒரு கதை இருக்கிறது. மதுரையில் சமணரோடு நடந்த வாதத்தில் சம்பந்தர் நெருப்பில் இட்ட ஏடு கருகாமல் பச்சையாகவே இருந்தது என்பது ஐதீகம். அந்த ஏட்டில் இருந்தது திருநள்ளாற்றுப் பதிகம். அதற்குப் ‘பச்சைப் பதிகம்’ என்றே பெயர். நம்புகிறோமா இல்லையா என்பது வேறு விஷயம். இவ்வளவு நல்ல கதையைச் சொந்தமாக வைத்துக்கொண்டு நாசாவிடம் கடன் வாங்குவானேன்?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இதே சம்பந்தர் மதுரைக்குக் கிளம்பும்போது நாளும் கோளும் சரியில்லை என்று அப்பர் தடுத்ததாகவும், திருமறைக்காட்டில் நின்று அதற்குப் பதிலாக அவர் பாடியதுதான் கோளறு பதிகம் என்றும் சொல்வார்கள். அடியாருக்கு எல்லாக் கிரகமும் நல்லதுதான் என்பதுதான் அதன் சாரம். கிரக பயத்தை இந்த மண்ணின் பக்தி மரபு ஆயிரம் வருஷத்துக்கு முன்பே இப்படித் தாண்டிப் போயிருக்கிறது. நாம் அந்தப் பயத்துக்கு ஏசி வேன் போட்டிருக்கிறோம்.

பட்டியல் போடுவதே தப்பா என்று கேட்கலாம். இல்லை. பழைய மரபும் பட்டியல் போட்டது. தேவாரத் தலங்களை வரிசைப்படுத்தியவர்கள் காவிரி வடகரைத் தலங்கள் 63, தென்கரைத் தலங்கள் 127 என்று பிரித்தார்கள். அந்த வரிசையில் முதுகெலும்பு ஆறு. இந்தக் கோயிலுக்கு எப்படிப் போவது என்று கேட்டால், எந்தக் கரை என்பதுதான் பதிலின் முதல் வார்த்தை. நவக்கிரக ஒன்பதில் ஆறு கோயில்கள் அந்த வரிசையிலும் இருக்கின்றன. கஞ்சனூரும் திருவெண்காடும் வைத்தீஸ்வரன்கோயிலும் வடகரை. ஆலங்குடியும் திருநாகேஸ்வரமும் திருநள்ளாறும் தென்கரை. அன்று நாங்கள் காவிரியை எத்தனை முறை தாண்டினோம் என்று இறங்கும்போது சக பயணிகளைக் கேட்டேன். யாருக்கும் தெரியவில்லை. நேரத்தை விடாமல் குறித்த எனக்கும் தெரியவில்லை. ஜன்னலில் திரை போட்டிருந்தது.

பரிகாரப் பயணம் அப்படித்தான் இருக்கும், பாரம்பரியச் சுற்றுலா வேறு மாதிரி என்று நம் மாதிரிப் படிக்கிற கூட்டம் நினைத்துக்கொள்ளும். நானும் நினைத்தேன். அடுத்த மாதமே அலுவலக நண்பர்களோடு தஞ்சாவூர், தாராசுரம், கங்கைகொண்டசோழபுரம் மூன்றையும் ஒரே நாளில் பார்க்கும் டூரில் போனேன். தஞ்சைப் பெரிய கோயில் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது 1987-ல். மற்ற இரண்டும் 2004-ல் அதோடு சேர்க்கப்பட்டன. யுனெஸ்கோ மூன்றையும் ஒரே பெயரில் கட்டியதும், டூர்க்காரர்கள் மூன்றையும் ஒரே நாளில் கட்டிவிட்டார்கள். பெரிய கோயிலில் சாயங்காலம் நாலரை மணி. “இந்த விமானத்தோட நிழல் தரையிலேயே விழாது” என்றார் வழிகாட்டி. நாங்கள் அதைக் கேட்டுக்கொண்டு நின்றது விமானத்தின் நிழலில். வெயிலுக்கு ஒதுங்க அவரேதான் எங்களை அங்கே கூட்டிவந்தார்.

அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. நாற்பது நிமிடத்தில் கூட்டத்தை அசத்த வேண்டும், அதற்கு நிழல் கதை உதவும். ஆனால் நாங்கள் நின்ற இடத்திலிருந்து பத்தடியில் கல்வெட்டு இருந்தது. ராஜராஜன் தான் கொடுத்ததை மட்டும் கல்லில் வெட்டச் சொல்லவில்லை. தன் அக்காள் கொடுத்ததையும், மனைவிமார் கொடுத்ததையும், மற்றவர்கள் கொடுத்ததையும் சேர்த்து வெட்டச் சொன்னான். கோயிலில் ஆடிப் பாட அமர்த்தப்பட்ட 400 தளிச்சேரிப் பெண்களின் பெயர்கள் அங்கே இருக்கின்றன. எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவள், எந்தத் தெரு, எந்தச் சிறகு, எத்தனையாவது வீடு என்று முகவரியோடு இருக்கின்றன. ஒருத்திக்கு ஒரு பங்கு. ஒரு பங்கு என்பது வருஷத்துக்கு நூறு கலம் நெல். ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய நானூறு பெண்களின் கதவு எண் நமக்குத் தெரியும். உலகத்தில் எத்தனை ஊர் இதைச் சொல்லிக்கொள்ள முடியும்? அந்தப் பெண்கள் விரும்பி வந்தார்களா, அழைத்து வரப்பட்டார்களா என்று அங்கேயே நின்று சண்டை போடலாம். ராஜராஜனைத் தலையில் தூக்கிவைத்து ஆடுகிறவர்களும் அவனை ஏசுகிறவர்களும் அந்தச் சுவருக்கு முன்னால் சேர்ந்து நிற்கலாம். நாங்கள் நிழல் விழாத அதிசயத்தைச் செல்ஃபி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினோம்.

அந்த நூறு கலம் நெல்தான் என்னைத் திரும்பவும் தை மாதத்து வேனுக்கு இழுத்துப் போகிறது. சம்பா அறுப்பு நேரம். திருவெண்காட்டிலிருந்து கீழப்பெரும்பள்ளம் போகிற வழியில் ஒரு பெரியவர் பாதி ரோட்டை அடைத்து நெல் காயப்போட்டிருந்தார். ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் இருந்தால் கொள்முதல் நிலையத்தில் எடுக்க மாட்டார்கள், அதனால் தார் ரோடுதான் களம். டிரைவர் ஹாரன் மேல் ஹாரன் அடித்தார். “கோயிலுக்குப் போற வழியில போட்டு உயிரை வாங்குறானுங்க” என்று பின்சீட்டில் ஒருவர். அம்மா திரையை விலக்கி எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: “நெல்லு மேல வண்டிய ஏத்திடப் போறான்டா, மெதுவாப் போகச் சொல்லு.” பதினைந்தரை மணி நேரத்தில் எங்கள் வேனில் ஒலித்த ஒரே ஆன்மிக வாக்கியம் என் கணக்கில் அதுதான். அந்த நெல் இல்லையென்றால் கல்வெட்டும் இல்லை, விளக்கும் இல்லை, கோயிலும் இல்லை. கோயிலைப் பார்க்கப் போகிற அவசரத்தில் கோயிலைக் கட்டிய நெல் எங்களுக்கு இடைஞ்சலாகிவிட்டது.

எதிர்வாதங்களை எனக்குத் தெரியும். முதல் வாதம் அம்மாவுடையது: “முட்டி வலிக்கிறவளுக்கு வேன்தான்டா சாமி. நீ நடந்து போவ, நான் போவேனா?” இதற்கு என்னிடம் பதில் இல்லை. தலை குனிகிறேன். வீட்டு வேலையிலிருந்து ஒரு நாள் விடுதலை கிடைத்த பெண்கள் பாதி வேனில் இருந்தார்கள். அவர்களைப் பார்த்து ‘மேலோட்டமான பக்தி’ என்று முகம் சுளிக்கிற எழுத்தாளனுக்கு நான் துணை போக மாட்டேன். ஆனால் அம்மா கேட்டது வேன். ஒன்பதை அவள் கேட்கவில்லை. திங்களூரில் அவள் கேட்டது இன்னும் ஐந்து நிமிடம்.

இரண்டாவது வாதம் உள்ளூர் வருமானம். ஒன்பது நிமிடம் நிற்கிற வேன் ஊருக்கு என்ன கொடுக்கும்? ஒரு எள் தீபம், ஒரு அர்ச்சனைச் சீட்டு. ஒரு நாள் முழுக்கத் தங்குகிறவன் இரண்டு வேளை சாப்பிடுவான், ஆட்டோ பிடிப்பான், பக்கத்து ஊர்க் கோயிலையும் எட்டிப் பார்ப்பான். அந்தப் பக்கத்து ஊர்க் கோயிலின் நிலைமை என்ன? வருமானமில்லாத கோயில்களுக்காக அறநிலையத் துறையில் ‘ஒரு கால பூஜை’ என்று ஒரு திட்டம் இருக்கிறது. 2021-ல் அதில் இருந்த கோயில்கள் 12,959. அவற்றின் அர்ச்சகர்களுக்கு மாதம் 1,000 ரூபாய் ஊக்கத்தொகை என்று அரசு அந்த வருஷம் அறிவித்தது. மாதத்துக்கு ஆயிரம். எங்கள் வேனில் இரண்டு பேர் அன்று ஒரே நாளில் அர்ச்சனைக்கும் தீபத்துக்கும் அதைவிட அதிகம் செலவழித்தார்கள், எல்லாம் அந்த ஒன்பது இடத்தில். வழியில் நாங்கள் தாண்டிப்போன கோபுரங்களுக்கு ஒரு ரூபாய் போகவில்லை.

ஜப்பானிலும் இந்த வியாதி உண்டு. கியோத்தோவின் கோயில்களை ஒரே நாளில் சுற்றிக்காட்டும் பஸ்கள் அங்கேயும் ஓடுகின்றன. ஆனால் அதே ஊரில் சைஹோஜி என்று ஒரு பௌத்தக் கோயில், அதன் பாசித் தோட்டத்துக்குப் பேர்போனது. கூட்டம் தாங்காமல் 1977-ல் அது வாசலைச் சுருக்கிக்கொண்டது. முன்பே அனுமதி வாங்க வேண்டும், வந்ததும் சூத்திரத்தை எழுதிப் பார்க்க வேண்டும், அப்புறம்தான் தோட்டம். நம் கோயில்களுக்கு இதை அப்படியே கொண்டுவரச் சொல்லவில்லை. அது கதவைச் சாத்துவதில் முடியும், கதவைச் சாத்திய சரித்திரம் நமக்கு ஏற்கெனவே போதுமான அளவு இருக்கிறது. நான் எடுத்துக்கொள்வது ஒன்றை மட்டும்: வந்தவனைக் கொஞ்சம் நேரம் உட்கார வைக்கலாம் என்று ஒரு கோயிலுக்குத் தோன்றியிருக்கிறது.

நம் பஸ்ஸுக்கும் அது தோன்றலாம். அதே பஸ், அதே கட்டணம், ஒரு கோயில் அல்லது இரண்டு. காலையில் திங்களூர். அங்கே அப்பூதி கதையைச் சொல்ல ஒரு ஓதுவார், அவருக்கு நியாயமான சம்பளம். பாதை ஓரத்தில் ஒரு தண்ணீர்ப் பந்தல். பக்கத்திலேயே திருவையாறு, அங்கே காவிரிப் படித்துறையில் ஒரு மணி நேரம், மத்தியானம் ஊர்ச் சாப்பாடு. திரும்பும் வழியில் ஒரு கால பூஜைக் கோயில் ஒன்று. அங்கே போடுகிற அர்ச்சனைச் சீட்டுக்கு அந்த அர்ச்சகர் முகம் மலர்வதைப் பார்க்கலாம். ஜன்னலில் திரை வேண்டாம்.

பங்குனியில் அம்மாவைக் கூட்டிக்கொண்டு திங்களூருக்கு மட்டும் போனேன். எந்த இடத்தில் சோறு ஊட்டினாள் என்று காட்டினாள். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, இல்லை, அந்தத் தூண் பக்கம் என்றாள். மறுபடி மாற்றினாள். யாரும் ஹாரன் அடிக்கவில்லை.