ஆசிரியரை ஆயத்தம் செய்யாத ஆங்கிலம்

கோடை விடுமுறை முடியும் தறுவாயில் நம் பங்குகளில் ஒரு காட்சியைத் தவறாமல் காணலாம். ஞாயிறு திருப்பலி முடிந்ததும் பங்குத்தந்தையின் அறை வாசலில் பெற்றோர் வரிசையாக நிற்பர். நம் பள்ளியின் ஆங்கில வழிப் பிரிவில் தம் பிள்ளைக்கு ஓர் இடம் வேண்டும், அதற்கொரு பரிந்துரைக் கடிதம் வேண்டும் என்பதே அவர்களது விண்ணப்பம். கடலுக்குச் சென்று திரும்பியவரும், கல்லுடைத்துப் பிழைப்பவரும், பிறர் வீட்டில் பாத்திரம் துலக்கும் தாயும் அவ்வரிசையில் உண்டு.

அவர்களது ஆசையைப் பழிக்க நமக்கு உரிமை இல்லை. உயர்கல்விக்கும், உயர் நீதிமன்றத்துக்கும், மருத்துவத்துக்கும், அயல்நாட்டு வேலைக்கும் ஆங்கிலமே வாசலாக இருக்கிறது என்பதை அவர்கள் அறிவர். அவ்வாசல் வழியே நம் பிள்ளைகளை முன்னரே அனுப்பிவைத்துவிட்டு, ஏழையின் பிள்ளை வரும்போது மட்டும் தாய்மொழிப் பற்றைப் போதிப்பது நேர்மையன்று.

ஆயினும் நாம் கேட்டாக வேண்டிய வினா ஒன்று உண்டு. இடம் கிடைத்த பிள்ளைக்கு ஆங்கிலம் கிடைக்கிறதா? பத்தாண்டுகள் ஆங்கில வழியில் பயின்று வெளிவரும் மாணவனை நிறுத்தி, ஆலயத்திலிருந்து பேருந்து நிலையத்துக்குச் செல்லும் வழியை ஆங்கிலத்தில் சொல்லச் சொல்லுங்கள். நன்மதிப்பெண் பெற்றவர்களிலும் பலர் தலைகவிழ்ந்து நிற்பதைக் காண்பீர்கள். இந்தக் குறை பிள்ளைகளால் நேர்ந்ததன்று. ஆசிரியர்களையும் நாம் குற்றம் சொல்லமாட்டோம். ஆங்கிலம் கற்பிக்கும் பணிக்கு அவர்களை ஆயத்தம் செய்யாமல் வகுப்புக்குள் அனுப்பிவிட்டு, வாயிற்பலகையை மட்டும் மாற்றி எழுதிக்கொண்ட பள்ளி நிர்வாகங்களும், அப்பலகையைக் கண்டே மனநிறைவடைந்த பெற்றோராகிய நாமும்தான் இதற்குப் பொறுப்பாளிகள்.

பயிற்றுமொழி வேறு, மொழிப்பயிற்சி வேறு

ஆங்கிலத்தில் அறிவியல் படித்தால் ஆங்கிலம் தானே வந்துவிடும் என்று நாம் நம்புகிறோம். அந்த வகுப்பில் உண்மையில் நடப்பது என்ன? ஆசிரியை பாடநூலின் வாக்கியத்தை ஆங்கிலத்தில் வாசிக்கிறார். பிள்ளைகளின் முகத்தைப் பார்க்கிறார். தமிழில் விளக்குகிறார். பின்னர் கைடிலுள்ள விடையைக் கரும்பலகையில் எழுதிப்போட்டு, அதனை மனப்பாடம் செய்து வருமாறு பணிக்கிறார். பிள்ளை தமிழில் கேட்டதைத் தமிழில் எழுத வழியில்லை. ஆங்கிலத்தில் எழுதியதன் பொருள் அதற்கு முழுமையாய்த் தெரியாது. அறிவியலும் வரவில்லை, ஆங்கிலமும் வரவில்லை. எழுத்துகளை வரிசை பிசகாமல் ஒப்பிக்கும் பழக்கம் மட்டுமே மிஞ்சுகிறது.

2012-13 கல்வியாண்டு முதல் அரசுப் பள்ளிகளிலும் ஆங்கில வழிப் பிரிவுகள் பெருமளவில் திறக்கப்பட்டன. அங்கும் நேற்றுவரை தமிழில் கற்பித்தவரே இன்று ஆங்கிலத்தில் கற்பிக்கலானார். இடையில் அவருக்கு ஆங்கிலம் பேசிப் பழகக் கிடைத்த காலம் எவ்வளவு என்று கேட்பார் இல்லை.

இவ்வளவும் போதாதென்று சில பள்ளிகளில் தமிழ் பேசினால் அபராதம்! ஆங்கிலம் பேசக் கற்றுத்தராத பள்ளி, தமிழும் பேசக்கூடாது என்று தடுத்தால், அப்பிள்ளை எம்மொழியில் பேசும்? பேசாதிருக்கும். அவ்வமைதியை ஒழுக்கம் என்று ஆண்டு விழாவில் புகழ்கிறோம்.

நம்மிடையே வந்தவர்கள் கற்ற விதம்

அயல்மொழி கற்பது எப்படி என்பதை அறிய நாம் வெகுதூரம் செல்ல வேண்டியதில்லை. நம் திருச்சபையின் வரலாறே அதற்குப் பாடநூல். 1542-இல் முத்துக்குளித்துறைக்கு வந்த புனித சவேரியார், மன்றாட்டுகளைப் பிறர் உதவியுடன் தமிழாக்கி, மனப்பாடம் செய்து, மணியடித்து மக்களைக் கூட்டிச் சொல்லிக்கொடுத்தார். அவசரத் தேவைக்கு அது உதவிற்று. ஆயினும் அவருக்குப் பின் அக்கரையில் பல்லாண்டுகள் தங்கிய ஹென்றிக்கு அடிகளார் மனப்பாடத்தோடு நின்றுவிடவில்லை. மக்களோடு பேசிப் பேசித் தமிழைக் கற்றார். தாம் கற்றதைப் பின்வருவோருக்காகப் போர்த்துக்கீசிய மொழியில் இலக்கணமாக எழுதிவைத்தார். 1578-இல் கொல்லத்தில் அச்சேறிய 'தம்பிரான் வணக்கம்' அவரது உழைப்பின் கனி.

வீரமாமுனிவரை எண்ணிப் பாருங்கள். அவருடைய தேம்பாவணியைப் போற்றும் நாம், அவர் தலைசிறந்த மொழியாசிரியராகவும் விளங்கினார் என்பதை மறந்துவிடுகிறோம். புதிதாக வரும் குருக்களுக்கென்று அவர் இலத்தீனில் எழுதிய கொடுந்தமிழ் இலக்கணம் 1738-இல் தரங்கம்பாடியில் அச்சாயிற்று. அது மக்கள் நாவில் வழங்கும் பேச்சுத் தமிழுக்கான இலக்கணம். செந்தமிழுக்கு அவர் தனியே வேறு நூல் செய்தார்.

இவற்றிலிருந்து நாம் பெறும் பாடங்கள் இரண்டு. அயல்மொழியின் பேச்சு வழக்கு முதலில் வரவேண்டும். கற்பவருக்கு ஏற்கெனவே தெரிந்த மொழியைக் கொண்டே தெரியாத மொழியை விளக்க வேண்டும். நாமோ பேச்சை விட்டுவிட்டு எழுத்தில் தொடங்குகிறோம். தெரிந்த மொழியை வாசலுக்கு வெளியே நிறுத்துகிறோம். இலத்தீன் பேசியதற்காக அக்குருக்களுக்கு நம் முன்னோர் எவரும் அபராதம் விதித்ததாக நாம் கேள்விப்பட்டதில்லை!

'போகவில்லை' என்னும் ஒரு சொல்

தெரிந்த மொழி எப்படித் துணைநிற்கும்? ஓர் எடுத்துக்காட்டைக் காண்போம். அவன் போகவில்லை என்பதை நம் பிள்ளைகள் 'ஹீ டிட் நாட் வென்ட்' என்று எழுதுவர். ஆசிரியர் சிவப்பு மையால் அடித்து, 'கோ' என்று மேலே எழுதுவார். அடுத்த வாரமும் அதே தவறு வரும். அதே சிவப்பு மை.

இரு மொழிகளையும் ஒப்புநோக்கப் பயின்ற ஆசிரியராயின், 'போகவில்லை' என்ற சொல்லையே பிரித்துக் காட்டுவார். இதில் 'போக' என்ற பகுதி எக்காலத்தையும் உணர்த்தவில்லை. நேற்றும் போகவில்லை, இன்றும் போகவில்லை, சொல் மாறுவதில்லை. ஆங்கிலத்திலும் எதிர்மறையில் வினைச்சொல் அப்படியே காலம் காட்டாமல் நிற்கிறது. காலத்தைச் சுமக்கும் வேலையை 'டிட்' ஏற்றுக்கொள்கிறது. இதனைப் புரிந்துகொண்ட பிள்ளை, தான் செய்யும் தவறைத் தானே கண்டுகொள்ளும்.

இன்னொன்று: 'புத்தகம் வாங்கினேன்' என்பதற்கும் 'புத்தகத்தை வாங்கினேன்' என்பதற்கும் உள்ள வேறுபாட்டை நம் பிள்ளைகள் தாய்ப்பாலோடு அறிவர். முன்னது ஏதோ ஒரு புத்தகம். பின்னது நாம் முன்பே பேசிக்கொண்ட அந்தப் புத்தகம். ஆங்கிலத்தில் 'எ புக்', 'த புக்' என்று வேறுபடுவதும் பெரும்பாலும் இதுவே. எல்லா இடத்துக்கும் பொருந்தும் விதியன்று இது; ஆனால் நல்லதொரு முதற்படி. ஒலிப்பிலும் இவ்வாறே. சட்டைமேல் அணியும் கோட்டையும், ஆட்டைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லையும் தமிழில் ஒரே எழுத்தால் தொடங்கி எழுதுகிறோம். பிள்ளையின் நாக்கு எங்கே இடறும் என்பதை முன்னறிந்த ஆசிரியரே அதற்குக் கைகொடுக்க முடியும். தமிழ் அறிந்த ஆசிரியரிடம் உள்ள இச்செல்வத்தைப் பயன்படுத்த நாம் அவருக்குக் கற்றுத்தந்தோமா?

முன்பு நடந்த முயற்சிகள்

ஆசிரியரை ஆயத்தம் செய்யும் முயற்சிகள் முன்னர் நடந்ததுண்டு. 1950-களின் இறுதியில் அன்றைய சென்னை மாநிலத்தில், பிரிட்டிஷ் கவுன்சிலின் துணையுடன் பெரியதொரு ஆங்கில ஆசிரியர் பயிற்சி இயக்கம் தொடங்கிற்று. சிலருக்குப் பயிற்சியளிப்பது, அவர்கள் பலருக்கு அளிப்பது, அப்பலர் பல்லாயிரம் தொடக்கப் பள்ளி ஆசிரியர்களுக்கு அளிப்பது என்பது திட்டம். உருள உருளப் பெருக்கும் பனிப்பந்து என்று அதற்குப் பெயரிட்டனர். பனி காணாத சென்னையில் பனிப்பந்து! கைமாறும் பயிற்சிக்கு ஓர் இயல்பு உண்டு. ஒவ்வொரு படியிலும் சற்றே உருகும். கடைசிப் படியிலுள்ள சிற்றூர் ஆசிரியருக்கு வாய்பாடுகள் வந்து சேரும். அவற்றின் காரணம் வழியிலேயே நின்றுவிடும். இன்றும் பணியிடைப் பயிற்சிகள் பெரும்பாலும் இவ்வாறே நடைபெறுகின்றன.

1979 முதல் 1984 வரை, பெங்களூரிலும் சென்னையிலும் வேறு சில இடங்களிலும், என்.எஸ். பிரபு தலைமையில் நடந்த ஆய்வுத் திட்டம் உலகெங்கும் பேசப்பட்டது. இரயில் கால அட்டவணையைப் பார்த்து விடை காண்பது, வரைபடத்தில் வழி கண்டுபிடிப்பது போன்ற செயல்களைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தனர். கருத்தில் மனம் ஊன்றும்போது மொழி உள்ளே படியும் என்பது அதன் அடிப்படை. ஆயினும் அதனைப் பின்னர் மதிப்பிட்டவர்கள், திட்டக் குழுவினர் நடத்திய அளவுக்கு வழக்கமான பள்ளி ஆசிரியர்களால் நடத்த இயலவில்லை என்று கண்டனர். ஆங்கிலத்தில் தடையின்றிப் பேச இயலாதவர், எதிர்பாராத விடையைச் சொல்லும் பிள்ளையோடு எவ்வாறு உரையாடுவார்? பிரபு அவர்களே 1990-இல் எழுதிய கட்டுரையொன்றில், எல்லோருக்கும் ஏற்ற சிறந்த முறை என ஒன்றில்லை, கற்பித்தலைப் பற்றி ஆசிரியரின் உள்ளத்தில் உயிரோடிருக்கும் புரிதலே முதன்மையானது என்று வாதிட்டார்.

அந்தப் புரிதலை நம் கல்வியியல் கல்லூரிகள் வளர்க்கின்றனவா? ஒரு பயிற்சி ஆசிரியையின் வகுப்பைப் பார்க்க நாம் அழைக்கப்பட்டிருந்தோம். கடையில் வாங்கிய வண்ண அட்டைகள் இருந்தன. அழகிய கையெழுத்தில் பாடக் குறிப்பேடு இருந்தது. முந்தைய நாளே ஒத்திகை பார்த்த வினாக்கள், ஒத்திகை பார்த்த விடைகள். நாற்பது நிமிடங்களில் எந்தப் பிள்ளையும் 'யெஸ் மிஸ்' என்பதற்கு மேல் சொந்தமாக ஒரு வாக்கியம் பேசவில்லை. மேற்பார்வையாளர் குறிப்பேட்டின் விளிம்புக் கோடுகளைச் சரிபார்த்துக் கையொப்பமிட்டார்.

2015 முதல் பி.எட். படிப்பு இரண்டாண்டுகளாக நீட்டிக்கப்பட்டு, இருபது வாரப் பள்ளிப் பயிற்சி கட்டாயமாக்கப்பட்டது. நல்லதே. ஆனால் அவ்வாரங்களில் அவர் வராத ஆசிரியருக்குப் பதிலாக வகுப்பைக் காப்பதிலும் விடைத்தாள் கூட்டுவதிலும் காலம் போக்கினால், இருபது வாரம் நாற்பதானாலும் பயனில்லை. பத்தாம் வகுப்பு அரசுத் தேர்விலும் ஆங்கிலம் பேசும் திறனுக்கு மதிப்பெண் கிடையாது. கேட்கப்படாததைக் கற்பிக்க எவருக்கு மனம் வரும்?

நம் வீட்டுக் கணக்கு

இனி நம் வீட்டுக் கணக்கைப் பார்ப்போம். ஆங்கில வழிப் பிரிவுகள் பல இடங்களில் சுயநிதியில் நடக்கின்றன. பிள்ளைகள் கட்டும் கட்டணத்தில் நுழைவு வளைவு எழுகிறது. கணினித் திரை வருகிறது. ஆனால் அதே பிரிவில் கற்பிக்கும் இளம் ஆசிரியை, அரசு உதவி பெறும் பிரிவின் ஆசிரியர் வாங்குவதில் சிறு பகுதியையே ஊதியமாகப் பெறுகிறார். வேறு வேலை கிடைத்ததும் போய்விடுகிறார். ஆண்டுதோறும் ஆசிரியர் மாறும் வகுப்பில் எந்த மொழி வேர்பிடிக்கும்? ஒரே வளாகத்தில், ஒரே செபம் சொல்லும் பிள்ளைகளைக் கட்டணம் கட்டக்கூடியவர், கட்ட இயலாதவர் என்று இரு வரிசைகளாகப் பிரித்தோம். தமிழ் வழி வரிசையில் நிற்கும் பிள்ளைக்கு நல்ல ஆங்கிலம் வேண்டாம் என்று யார் தீர்மானித்தது?

நாம் வேண்டுவன அரியன அல்ல. பிள்ளை பாடங்களைத் தனக்குப் புரியும் மொழியில் கற்கட்டும். ஆங்கிலத்தை ஆங்கில வகுப்பில், நன்கு ஆயத்தமான ஆசிரியரிடம், முதலில் பேச்சாகக் கற்கட்டும். நம் துறவற சபைகள் நடத்தும் கல்வியியல் கல்லூரிகள், ஆசிரியராக வருவோர் தாமே ஆங்கிலம் பேசிப் பழக நாள்தோறும் ஒரு மணி நேரம் ஒதுக்கட்டும். இரு மொழி ஒப்பீடு அங்கே கட்டாயப் பாடமாகட்டும். பயிற்சி ஆசிரியர் ஒவ்வொருவரையும் அனுபவமிக்க ஓர் ஆசிரியரின் பொறுப்பில் விட்டு, வாரந்தோறும் அமர்ந்து பேசச் செய்யட்டும். தமிழுக்கு விதிக்கும் அபராதம் இக்கல்வியாண்டோடு ஒழியட்டும். ஆசிரியைக்கு நீதியான ஊதியம் கொடுத்த பின்னரே அடுத்த நுழைவு வளைவுக்கு அடிக்கல் நடப்படட்டும்.

பெற்றோராகிய நாமும் வாளாவிருத்தலாகாது. பள்ளிக் கூட்டங்களில் எத்தனை பேர் நூற்றுக்கு நூறு என்று கேட்கும் வழக்கத்தை விடுவோம். என் மகளுக்கு ஆங்கிலம் கற்பிப்பவர் யார், அவர் எங்கே எவ்வாறு பயின்றார், எத்தனை ஆண்டுகளாக இங்கே இருக்கிறார், அவருக்கு என்ன ஊதியம் தருகிறீர்கள் என்று கேட்போம். அடுத்த முறை பங்குத்தந்தையின் வாசலில் கடிதம் கேட்டு நிற்கும்போதே இவ்வினாக்களையும் எழுப்புவோம். கல்லுடைக்கும் தந்தையும் பாத்திரம் துலக்கும் தாயும் வயிற்றைக் கட்டிக் கட்டணம் செலுத்துவது, தம் பிள்ளை அந்நிய மொழியிலும் அஞ்சாமல் வாய்திறந்து பேச வேண்டும் என்பதற்காகவே. அதற்கு முன்பு அப்பிள்ளையின் ஆசிரியை அஞ்சாமல் பேச வேண்டும். அதற்கு வழிசெய்வது நம் கடமை.