பலகைக்கு அஞ்சிய தேசம்

ஒரு தேசம் 11 ஆண்டுக் காலம் ஒரு மரப்பலகைக்கு அஞ்சிக் கிடந்தது என்றால் நமக்குச் சிரிப்பு வரலாம். ஆயினும் அது நடந்தது. சிறார் அடிபடுவதைக் காரணம் காட்டி, 1978இல் நார்வே அரசு ஸ்கேட்போர்டு எனும் சறுக்குப் பலகையைத் தடை செய்தது. விற்பதும் பயன்படுத்துவதும் சட்டவிரோதமாயின.

விளைந்தது என்ன? கடைகளுக்குரிய வணிகம் கடத்தலுக்குப் போயிற்று. இளைஞர்கள் காட்டுக்குள் மறைவாகச் சறுக்குமேடைகள் அமைத்தனர். விழுந்தால் தூக்குவதற்கு ஆளில்லாத இடத்திற்கே, பாதுகாப்பின் பெயரால் அவர்கள் துரத்தப்பட்டனர். 1989இல் தடை நீங்கியது.

ஆபத்து பொய்யன்று. இவ்விளையாட்டில் மணிக்கட்டும் முன்கையும் முறிவது மிகுதி. தலைக்காயமோ உயிரையே பறிக்கவல்லது. அதற்கு மருந்து தலைக்கவசமும், மணிக்கட்டுக் காப்பும், வண்டிகள் நுழையாத நல்ல தளமுமே. அவற்றுக்குப் பணமும் பொறுமையும் வேண்டும். தடையாணைக்கோ ஒரு கையெழுத்துப் போதும்.

2021இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கில் இவ்விளையாட்டு முதன்முதலாக இடம்பெற்றது. மகளிர் வீதிப் பிரிவில் தங்கம் வென்ற ஜப்பானியச் சிறுமி மோமிஜி நிஷியாவின் வயது 13.

பெற்றோராகவும் ஆசிரியராகவும் நாம் அன்றாடம் எத்தனை தடையாணைகளில் கையெழுத்திடுகிறோம்! அவற்றுள் அக்கறை எவ்வளவு, நம் சோம்பல் எவ்வளவு?